களைப்புக்கு ஒரு குதிரைச் சொல்

இங்கிலாந்தின் வடகிழக்கில், பழைய நிலக்கரிச் சுரங்க ஊர்கள் சூழ்ந்த ஒரு மருத்துவமனையில், நுரையீரல் நோய்ப் பிரிவில் செவிலியாக இருக்கிறேன். இங்கு வந்த முதல் ஆண்டில் ஒரு நாள், பன்னிரண்டரை மணி நேர இரவுப் பணியை முடித்துவிட்டு, காலையில் வந்தவர்களிடம் நோயாளிகளின் விவரங்களை ஒப்படைத்துக்கொண்டிருந்தேன். எப்படி இருக்கிறாய் என்று ஒருவர் கேட்டார். "நாக்கர்ட்" என்றேன். களைத்துப் போய்விட்டேன் என்பதற்கு அந்தப் பிரிவில் எல்லோரும் சொல்லும் சொல் அது. அவர்களிடமிருந்துதான் நானும் அதைக் கற்றிருந்தேன். ஒப்படைப்பு முடிந்ததும் மூத்த செவிலி ஒருவர் என்னைத் தனியே அழைத்தார். நோயாளிகள் காதில் விழும் இடத்தில் அந்தச் சொல் வேண்டாம், அது அவ்வளவு நாகரிகமானதில்லை, வேண்டுமானால் 'ஷாட்டர்ட்' என்று சொல்லிக்கொள் என்றார். கடுமையாகச் சொல்லவில்லை. வெளிநாட்டிலிருந்து வந்த பெண் தெரியாமல் பெயரைக் கெடுத்துக்கொள்ளக் கூடாதே என்ற அக்கறைதான் அவர் குரலில் இருந்தது.

வீட்டுக்குத் திரும்பும் பேருந்தில் அதையே நினைத்துக்கொண்டிருந்தேன். இரண்டும் ஒரே களைப்பைத்தான் சொல்கின்றன. ஒன்றைச் சொல்லலாம், மற்றொன்றைச் சொல்லக் கூடாது என்றால் அந்த இரண்டாவது சொல்லுக்குள் என்ன இருக்கிறது? தூங்கி எழுந்த பிறகும் கேள்வி போகவில்லை. அகராதிகளைப் புரட்டத் தொடங்கியது அப்போதுதான். ஒரு சொல்லைத் தேடப் போய், இந்த நாட்டு மக்கள் களைப்பைச் சொல்ல வைத்திருக்கும் சொற்கள் ஒவ்வொன்றாகக் கைக்கு வந்தன. அவற்றோடு சில ஆண்டுகளாக வாழ்ந்துகொண்டிருக்கிறேன் என்றே சொல்ல வேண்டும்.

இங்கு 'டயர்ட்' என்று சொன்னால் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். அந்தச் சொல் தேய்ந்துவிட்டது. மதியச் சாப்பாட்டுக்குப் பின் கொட்டாவி விடுகிறவரும் டயர்ட், மூன்று இரவுகள் தொடர்ந்து விழித்தவரும் டயர்ட். உண்மையிலேயே உடம்பு முடியாமல் போனவருக்கு வேறொரு சொல் வேண்டியிருக்கிறது. என் மேலதிகாரி பரிந்துரைத்த 'ஷாட்டர்ட்' அப்படிப்பட்ட ஒன்று; கண்ணாடி கீழே விழுந்து சில்லுச்சில்லாகச் சிதறுவதைச் சொல்லும் வினையிலிருந்து வந்தது. லண்டனின் கிழக்குப் பகுதியில் பிறந்த எதுகைப் பேச்சில் நாக்கர்டுக்கு ஒரு முகமூடியும் உண்டு: 'கிரீம் கிராக்கர்ட்'. சொல்ல வேண்டிய சொல்லோடு எதுகை பொருந்தும் வேறொன்றைச் சொல்லி, கேட்பவரைப் புரிந்துகொள்ள வைக்கும் அந்தப் பேச்சுமுறை 1859இல் வெளிவந்த ஜான் கேம்டன் ஹாட்டனின் கொச்சைச்சொல் அகராதியிலேயே பதிவாகியிருக்கிறது. கிரீம் கிராக்கரோ 1885இல் டப்ளினில் ஜேக்கப் நிறுவனம் சந்தைக்குக் கொண்டுவந்த பிஸ்கட். ஆக, ஒரு பிஸ்கட்டின் பின்னால் ஒளிந்துகொண்டு அந்தச் சொல்லைச் சொல்ல மக்கள் வழி கண்டிருக்கிறார்கள். ஒளிந்துகொள்ள வேண்டிய அளவுக்கு அதில் என்ன இருக்கிறது என்பதுதான் என் கேள்வியாக இருந்தது.

சொல்லுக்கு இரண்டு வாசல்கள்

'நாக்கர்' என்பது முதலில் ஒரு தொழிலாளியின் பெயர். 16ஆம் நூற்றாண்டில் சேணமும் கடிவாளமும் செய்பவரை அப்படி அழைத்திருக்கிறார்கள். ஐஸ்லாந்து மொழியில் சேணத்துக்கு இருக்கும் 'நாக்குர்' என்ற சொல்லோடும், வட ஐரோப்பாவின் பழைய நோர்ஸ் மொழியில் பிடரியைக் குறிக்கும் சொல்லோடும் இதற்கு உறவு இருக்கலாம் என்று சொல்லாய்வாளர்கள் கருதுகிறார்கள். 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்துக்குள் பொருள் நகர்ந்துவிட்டது. உழைக்க முடியாமல் போன குதிரைகளை விலைக்கு வாங்கிக் கொன்று, அவற்றின் உடலைக் கூறுபோட்டு விற்பவர் நாக்கர் ஆனார். குதிரையின் மேல் ஏற்றும் தோல் பொருளைச் செய்தவரின் பெயர், குதிரையையே தோலாக்குபவருக்குப் போனது. அந்த நகர்வை நினைக்கும்போது எனக்கு நடுக்கமாக இருக்கிறது. எத்தனை பட்டறைகளில் இரண்டு வேலையும் ஒரே கூரையின் கீழ் நடந்திருக்கும்!

அது சின்னத் தொழிலும் இல்லை. குதிரைக் கொலைக்கூடங்களுக்கு உரிமம் வேண்டும், ஆய்வாளர் பார்வையிட வேண்டும் என்று 1786இலேயே பிரிட்டிஷ் நாடாளுமன்றம் தனிச் சட்டம் இயற்றியது. திருடிய குதிரைகள் அந்தக் கூடங்களுக்குள் போய் அடையாளமே இல்லாமல் மறைந்துகொண்டிருந்தன. 1850 வாக்கில் லண்டன் தெருக்களில் உழைப்பவர்களை நேரில் சந்தித்து எழுதிய ஹென்றி மேஹ்யூ, பூனைகளுக்கு இறைச்சி விற்றுத் திரிந்தவர்களைப் பற்றி எழுதும்போது இந்தக் கூடங்களுக்குள்ளும் நம்மை அழைத்துப் போகிறார். வேகவைத்த குதிரை இறைச்சியை அங்கேதான் அவர்கள் வாங்கினார்கள். இறைச்சி பூனைக்கும் நாய்க்கும் போனது. தோல் பதனிடுபவரிடமும், பிடரி மயிரும் வாலும் மெத்தை செய்பவரிடமும், குளம்பு பசை காய்ச்சுபவரிடமும், எலும்பு வயலுக்கு உரமாகவும் போயின. ரயில் வந்த பிறகு குதிரைகள் குறைந்துவிடவில்லை. ரயிலில் வந்து இறங்கிய ஆட்களையும் சரக்கையும் வீடுவரை கொண்டுசேர்க்க இன்னும் கூடுதலாக அவை தேவைப்பட்டன. கல் பாவிய தெருவில் பாரம் இழுக்கும் குதிரை சில ஆண்டுகளில் ஓய்ந்துவிடும். அதன் பிறகு அது போய்ச் சேரும் இடம் நாக்கரின் கொட்டடி. 'நாக்கர்ட்' என்ற சொல் 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் மனிதரின் களைப்புக்கு வந்து சேர்ந்தபோது, அதைச் சொன்னவர்கள் அந்தக் கொட்டடிகளைத் தெருமுனையில் பார்த்தவர்கள், அவற்றின் நாற்றத்தை அறிந்தவர்கள்.

அப்படியானால் நாகரிகக் குறைவு எங்கிருந்து வந்தது? அது இரண்டாவது வாசல். கையில் பிடித்துத் தட்டும் தாளக்கட்டைக்கும் பழைய ஆங்கிலப் பேச்சில் நாக்கர் என்று பெயர் இருந்தது. ஒன்றோடொன்று இடிபடும் இரட்டைப் பொருள் என்பதால், 19ஆம் நூற்றாண்டில் அது ஆணின் விதைகளைக் குறிக்கும் கொச்சைச் சொல்லாகவும் மாறியது. நாக்கர் என்ற வினைக்குக் கொல்லுதல், விதையடித்தல் என்ற இரு பொருளும் அகராதிகளில் இருக்கின்றன. எந்த வாசல் வழியாகச் சொல் உள்ளே வந்தது என்பதை இன்று துல்லியமாகப் பிரிக்க முடியாது. இரண்டும் கலந்தே வந்திருக்கலாம். என் மேலதிகாரியின் காதில் விழுந்தது இரண்டாவது பொருள். எனக்கு அதன்பின் முதல் பொருளே கேட்டுக்கொண்டிருந்தது. உடற்பகுதியைச் சுட்டுவதால் நாம் கூசுகிறோம். உழைத்துத் தேய்ந்த ஓர் உயிரைக் கூறுபோட்டு விற்றதைச் சுட்டுவதால் யாரும் கூசவில்லை. இந்த வரிசை எனக்குத் தலைகீழாகப் பட்டது, இன்றும் அப்படித்தான் படுகிறது.

யார் செய்தது?

சொற்களைச் சேர்க்கச் சேர்க்க இன்னொன்று கண்ணில் பட்டது. தமிழில் களைத்தேன், சோர்ந்தேன், அசந்தேன், தளர்ந்தேன், ஓய்ந்தேன் என்கிறோம். எல்லாம் தன்வினை. களைப்பு நமக்குள்ளிருந்தே சுரப்பதுபோல, யாருக்கும் அதில் பொறுப்பில்லாததுபோல அவை ஒலிக்கின்றன. பிரிட்டிஷ் கொச்சையில் களைப்புச் சொற்கள் பெரும்பாலும் செயப்பாட்டு வடிவில் நிற்கின்றன. நாக்கர்ட் என்றால் கொல்லக் கொடுக்கப்பட்டவர். ஷாட்டர்ட் என்றால் சிதறடிக்கப்பட்டவர். 'வேக்ட்' என்றால் ஓங்கி அறையப்பட்டவர். 'டெட் பீட்' என்றால் சாகும் அளவுக்கு அடிக்கப்பட்டவர். 'ஸாங்க்ட்' என்ற சொல் ஓங்கி விழும் அடியின் ஓசையிலிருந்தே பிறந்தது. மருத்துவக் குறிப்பேட்டில் நாங்கள் மரியாதையாக எழுதும் 'எக்ஸாஸ்டெட்' கூட லத்தீனில் நீரை முழுவதும் இறைத்தெடுப்பதைச் சொல்லும் வினைதான். நோயாளியை அடிமண் தெரிய இறைத்த கிணறு என்கிறோம். எல்லாவற்றிலும் யாரோ ஒருவர் எதையோ செய்திருக்கிறார். செய்தவர் பெயர் மட்டும் வாக்கியத்தில் இல்லை.

தமிழில் அப்படி எதுவும் இல்லையா என்று யோசித்தபோது, வீட்டுப் பேச்சில் நாள்தோறும் புழங்கும் ஒன்று நினைவுக்கு வந்தது: அடிச்சுப் போட்ட மாதிரி இருக்கு. டெட் பீட் என்பதற்கு இதைவிட நெருக்கமான தமிழ் கிடையாது. நாற்று நட்டுவிட்டு வந்து திண்ணையில் சாயும் பெண்ணும், பாறை பிளந்துவிட்டு வரும் ஆணும் ஒரு நாட்டில் அப்படிச் சொல்ல, துறைமுகத்தில் மூட்டை சுமந்தவர் இன்னொரு நாட்டில் தானாகவே அதே உவமைக்கு வந்து சேர்ந்திருக்கிறார். எழுத்துத் தமிழின் களைப்பு தன்வினையில் இருக்க, பேச்சுத் தமிழின் களைப்புக்குள் அடித்தவர் ஒருவர் மறைந்து நிற்கிறார்.

குதிரைகளுக்கே திரும்புகிறேன். சலிப்பைச் சொல்ல இன்று படித்தவர்கள் பயன்படுத்தும் 'ஜேடட்' என்ற மெருகேறிய சொல்லும் லாயத்திலிருந்து வந்ததுதான். ஜேட் என்றால் நோஞ்சான் குதிரை. 14ஆம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் சாசரின் கதைப் பயணிகளில் ஒருவரான பாதிரியார் அப்படிப்பட்ட ஒன்றின் மேல்தான் ஏறி வருகிறார். சொல்லிச் சொல்லிப் புளித்த தொடரை 'ஹேக்னீட்' என்பார்கள். அதுவும் வாடகைக் குதிரைதான். யார் காசு கொடுத்தாலும் ஏற்றிச் செல்ல வேண்டிய, யாரும் தன்னுடையது என்று நினைக்காத குதிரை. லண்டன் டாக்சிகளுக்குச் சட்டப்படி இன்றும் ஹேக்னி வண்டி என்றே பெயர். ஷேக்ஸ்பியரின் நாடகம் ஒன்றில், நெடுநேரம் காத்து நின்ற வேலைக்காரன் தான் நாய்போல் களைத்துவிட்டதாகச் சொல்கிறான். உடல் ஓய்ந்துபோனதைச் சொல்ல வேண்டும் என்றால் மனிதனுக்கு விலங்கின் உடல் தேவைப்பட்டிருக்கிறது. நாய் படாத பாடு என்று சொல்லும் நமக்கு இது புதிதில்லை.

விலங்குகளை விட்டால் அடுத்து வருவது சிறுவர்களும் சிப்பாய்களும். 'ஃபேக்ட் அவுட்' என்பதில் உள்ள 'ஃபேக்' 16ஆம் நூற்றாண்டில் துவளுதல், தொய்தல் என்ற பொருளில் இருந்தது. பின்னர் இங்கிலாந்தின் பெரிய விடுதிப் பள்ளிகளில், மூத்த மாணவர்களுக்குக் காலணி துடைத்து, ரொட்டி வாட்டி, படுக்கை தட்டிப் போட்ட இளைய மாணவனுக்கு அது பெயராகிவிட்டது. அந்த வழக்கம் 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதி வரை நீடித்தது. பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளையின் ஓய்ச்சல் ஒரு பதவிப் பெயராக இருந்திருக்கிறது.

சிப்பாய்களின் சொல்லை எனக்குக் கொடுத்தவர், என்னோடு இரவுப் பணி செய்யும் ஸ்காட்லாந்துக்காரர். விடியும் நேரத்தில் நாற்காலியில் சரிந்தபடி அவர் தன்னைப் 'பக்கிள்ட்' என்பார். முதல் முறை கேட்டபோதே எங்கோ தெரிந்த குரலாக இருந்தது. தேடிப் பார்த்தால் அது இந்துஸ்தானியின் 'பாகல்', பைத்தியம். இந்தியாவில் பணியாற்றிய பிரிட்டிஷ் படையினர் வெயிலிலும் காய்ச்சலிலும் புத்தி தடுமாறிப்போன தோழனைச் சொல்லப் பிடித்துக்கொண்ட சொல், ஸ்காட்லாந்துக்குப் போய் ஓய்ந்துபோனவரின் சொல்லாகிவிட்டது. நாசிக் அருகே தேவ்லாலியில் கப்பலுக்குக் காத்துக் கிடந்த சிப்பாய்களின் நினைவாக 'டூலாலி' என்ற சொல் மனம் பேதலித்தவருக்கு வழங்குவதும் இப்படித்தான். ஆங்கிலோ-இந்தியச் சொற்களைத் திரட்டி 1886இல் வெளிவந்த ஹாப்சன்-ஜாப்சன் அகராதியிலும் பாகல் இருக்கிறது. அதைத் தொகுத்த இருவரில் ஒருவரான ஆர்தர் பர்னெல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர், சரசுவதி மகால் நூலகத்தின் வடமொழிச் சுவடிகளுக்கு அட்டவணை தயாரித்தவர். அகராதி அச்சேறுவதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்பே அவர் இறந்துவிட்டார். தஞ்சைக்கும் இந்த வடக்கத்திக் குளிருக்கும் இடையே இப்படி ஒரு நூல் ஓடுவதைக் கண்டபோது, அந்த ஸ்காட்லாந்துக்காரரிடம் சொல்லிச் சொல்லி மகிழ்ந்தேன்.

அவர் பதிலுக்கு எனக்கு 'ஃபோர்ஜெஸ்கெட்' என்ற பழைய ஸ்காட்ஸ் சொல்லைத் தந்தார். களைத்துத் துவண்டவர் என்று பொருள். 1785இல் ஸ்காட்லாந்துக் கவிஞர் ராபர்ட் பர்ன்ஸ் நண்பர் ஒருவருக்குச் செய்யுளில் எழுதிய கடிதத்தில் அது வருகிறது. பர்ன்ஸ் அப்போது உழவர். நாள் முழுவதும் வரப்புகளின் மேல் தானியம் விதைத்துவிட்டு, குதிரைகளுக்குப் பத்து மணித் தீவனத்தைப் பங்கிட்டுக் கொடுத்துவிட்டு, கால்கள் கெஞ்ச வந்து உட்கார்கிறார். இன்று எழுத வேண்டாமே என்று கவிதை அணங்கே மன்றாடுகிறாளாம். இந்தச் சொற்கள் அனைத்திலும் எனக்கு மிகவும் பிடித்த இடம் இது. இங்கே குதிரை உவமையாக வரவில்லை. உழவரும் குதிரையும் ஒரே வயலில், ஒரே மாலையில், சேர்ந்து களைத்திருக்கிறார்கள்.

கேப்டன்

இத்தனையும் சேர்த்த பிறகும், மேலதிகாரியின் தடை சரியா என்ற கேள்வியை நான் முடித்துக்கொண்டிருக்கவில்லை. முடித்துவைத்தவர் ஒரு நோயாளி. அவரை அடையாளம் காட்டும் விவரங்களை விட்டுவிடுகிறேன். எண்பது வயதைக் கடந்தவர், பதினைந்து வயதில் சுரங்கத்தில் இறங்கியவர், நுரையீரலில் நிலக்கரித் தூசு படிந்தவர் என்பது போதும். எங்கள் பிரிவில் அப்படிப்பட்டவர்கள் பலர் வந்து போகிறார்கள். அன்று அதிகாலை நான்கு மணி இருக்கும். மருந்து வண்டியைத் தள்ளிக்கொண்டே ஸ்காட்லாந்துக்காரரிடம் தாழ்ந்த குரலில் நான் நாக்கர்ட் என்று சொன்னேன். அவர் பக்கிள்ட் என்றார். அடுத்த படுக்கையிலிருந்து கை ஒன்று என்னை அழைத்தது.

"நீ நாக்கர்ட் இல்லை, பெட்," என்றார் அந்தப் பெரியவர். பெட் என்பது இந்த வட்டாரத்தில் அன்போடு பெண்களை அழைக்கும் சொல். "நீ களைத்திருக்கிறாய். அது வேறு."

நாகரிகமில்லாத சொல்லைக் கேட்டு வருந்திவிட்டார் என்று நினைத்து மன்னிப்புக் கேட்டேன். அவர் தலையை அசைத்தார். மூச்சுக்கு இடையிடையே நிறுத்தி, ஆக்சிஜன் முகமூடியை ஏற்றியும் இறக்கியும் அவர் சொன்னதை இங்கே தொகுத்து எழுதுகிறேன். சொல்லி முடிக்க மூன்று இரவுகள் ஆயின.

அவருக்குச் சுரங்கத்தில் கிடைத்த முதல் வேலை குதிரை ஓட்டுவது. நிலக்கரிப் படிவு மெலிதாகவும் வழி தாழ்வாகவும் இருந்த இடங்களில் இயந்திரம் நுழையாது, மட்டக்குதிரைதான் நுழையும். இந்த வட்டார சுரங்கத் தொழிலாளர்களின் பேச்சுக்குப் பிட்மேட்டிக் என்று பெயர். அதில் அந்தக் குதிரைகளை 'கேலவா' என்பார்கள். 1913இல் பிரிட்டன் முழுவதும் ஏறத்தாழ 70,000 குதிரைகள் மண்ணுக்கடியில் உழைத்தன. சுரங்கங்கள் நாட்டுடைமையான 1947இலும் ஆயிரக்கணக்கில் இருந்தன. நார்தம்பர்லாந்தின் எல்லிங்டன் சுரங்கத்திலிருந்து கடைசிக் குதிரைகள் மேலே வந்தது 1994இல்தான். எனக்கு நினைவு தெரிந்த காலம் அது. லாயமும் தரைக்குக் கீழேயே இருந்தது. சுண்ணாம்பு அடித்த சுவர், ஒவ்வொரு தடுப்புக்கும் மேலே குதிரையின் பெயர் எழுதிய பலகை. அவருடைய குதிரையின் பெயர் கேப்டன்.

கேப்டனுக்குத் தொட்டிகளை எண்ணத் தெரியும் என்றார். நிலக்கரித் தொட்டிகளை ஒன்றோடொன்று கொக்கியில் மாட்டும்போது எழும் சத்தத்தைக் காதால் எண்ணிக்கொள்ளும். வழக்கத்துக்கு மேல் ஒன்று சேர்ந்துவிட்டால் கால் எடுத்து வைக்காது. அவருடைய சாப்பாட்டுப் பெட்டியை, பிட்மேட்டிக்கில் 'பெய்ட்' பெட்டியை, உதட்டால் திறக்கும். ஜாம் தடவிய ரொட்டியில் பாதி அதற்குத்தான். தண்ணீர்ப் புட்டியைச் சாய்த்துப் பிடித்தால் குடிக்கும். விளக்கு அணைந்துபோன ஒரு நாள், அதன் வாலைப் பிடித்துக்கொண்டே நடந்து வழி கண்டிருக்கிறார். சில நாள்களில் அவர் முறை முடிந்து மேலே போன பிறகும் அடுத்த முறைக்காரன் அதையே பூட்டுவான். "எனக்கு மேலே போக முடிந்தது" என்று இதைச் சொன்ன இடத்தில் மட்டும் அவர் நெடுநேரம் நிறுத்தினார்.

இரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு திங்கட்கிழமை காலை லாயத்துக்குப் போனபோது, கேப்டனின் தடுப்பில் வேறொரு குதிரை நின்றிருந்தது. பலகையில் பெயர் அழிக்கப்பட்டிருந்தது. லாயக்காரரிடம் கேட்டார். வாளியைக் கழுவிக்கொண்டிருந்த அந்த மனிதர் நிமிராமல் ஒரே சொல்லைச் சொன்னார்: "நாக்கர்ட்."

"அதற்கு முந்தைய நாள்வரை நானும் அந்தச் சொல்லைத் தினமும் சொல்லிக்கொண்டிருந்தேன்," என்றார் பெரியவர். "நாங்கள் எல்லோரும் சொல்வோம். அன்று லாயக்காரர் சொன்னபோது, களைத்துவிட்டது, ஓய்வுக்கு அனுப்பியிருக்கிறார்கள் என்றுதான் முதலில் நினைத்தேன். எங்கே ஓய்வெடுக்கிறது என்றும் கேட்டேன். பதினேழு வயது. அவர் அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தார்." அதன் பிறகு அறுபத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாக அந்தச் சொல்லைத் தன்னைப் பற்றி அவர் சொன்னதில்லை. முப்பது ஆண்டுகள் நிலத்துக்கடியில் வேலை பார்த்தபோதும், 1984இல் தொடங்கிய ஓராண்டு வேலைநிறுத்தத்தில் பசியோடு நின்றபோதும், இப்போது பத்தடி நடந்தால் மூச்சு நின்றுவிடும் நிலையிலும், களைப்பு என்றுதான் சொல்கிறார்.

செய்தவர் பெயர் இல்லாத செயப்பாட்டு வாக்கியங்களைப் பற்றி நான் வீட்டில் உட்கார்ந்து எழுதிவைத்த குறிப்புகள் அந்த நேரத்தில் மெலிந்துபோயின. லாயக்காரரின் ஒற்றைச் சொல்லில் செய்தவர், செய்யப்பட்டது, செய்த காரணம் எல்லாம் இருந்தன. எண்ணத் தெரிந்த ஒரு குதிரையால் இனித் தொட்டி இழுக்க முடியாது என்று யாரோ கணக்குப் பார்த்திருக்கிறார்கள். அது எத்தனை நாள் இழுக்கும் என்றும், இறைச்சியாக, தோலாக, எலும்பாக என்ன விலை பெறும் என்றும். மேலதிகாரி என்னிடமிருந்து அந்தச் சொல்லை எடுத்துக்கொண்டபோது எனக்குள் ஒரு முறுக்கு இருந்தது. பெரியவர் எடுத்துக்கொண்டபோது அது இல்லை.

பொள்ளாச்சிச் சந்தை

மூன்றாம் இரவில் அவர் கேட்டார், உன் மொழியில் அதற்கு என்ன சொல்வீர்கள் என்று. களைப்பு, சோர்வு, அசதி என்று தொடங்கியவள் நிறுத்திக்கொண்டேன். அவர் கேட்டது களைப்புக்குச் சொல் இல்லை. லாயக்காரர் சொன்ன பொருளுக்குச் சொல். அது எனக்குத் தெரியும்; நினைவு தெரிந்த நாளிலிருந்து தெரியும். தெரிந்தும் இத்தனை ஆண்டுகள் அகராதிகளில் தேடியபோது ஒருமுறைகூட அது என் நாவில் வரவில்லை.

அடிமாடு.

உழவுக்கும் வண்டிக்கும் ஆகாமல் போன மாட்டை இறைச்சிக்கு விற்றால் அது அடிமாடு. நாக்கரின் கொட்டடிக்குப் போகும் குதிரைக்கு நேரான தமிழ் அதுதான். ஆங்கிலேயர் அந்த விலங்கின் முடிவிலிருந்து களைப்புக்கு ஒரு சொல்லை எடுத்துக்கொண்டார்கள். நாம் எடுத்துக்கொண்டது விலையை. ஒரு பொருளை அநியாயத்துக்குக் குறைத்துக் கேட்டால் அடிமாட்டு விலைக்குக் கேட்கிறான் என்கிறோம். துணிக்கடையில் சொல்கிறோம், மனை பேசும்போது சொல்கிறோம். நானும் எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன். ஒருமுறைகூட அதற்குள் ஒரு மாடு நிற்பதைப் பார்த்ததில்லை. நாக்கர்ட் என்று சொல்லும் என் சக செவிலியர்களிடம் குதிரையைப் பார்க்கவில்லையே என்று நான் எப்படிக் குறைப்பட்டுக்கொள்வது?

எங்கள் வீட்டிலிருந்து போன மாட்டைப் பெரியவரிடம் சொன்னேன். கோவைப் பக்கம், பொள்ளாச்சிக்குப் பக்கத்து ஊர் எங்களுடையது. அந்தச் சந்தையிலிருந்து கேரளத்துக்கு லாரி லாரியாக மாடுகள் போவதைச் சிறு வயதிலிருந்து பார்த்திருக்கிறோம். அப்பா வைத்திருந்த வண்டி மாடுகளில் ஒன்றுக்கு முன்னங்கால் விழுந்துவிட்டது. நுகத்தடி பட்டுப் பட்டு அதன் கழுத்தில் கையகலத்துக்குக் காய்ப்பு ஏறியிருக்கும். நான் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் அந்த இடத்தில்தான் சொறிந்துவிடுவேன், கண்ணை மூடிக்கொண்டு நிற்கும். ஒரு நாள் மாலை வந்து பார்த்தபோது கட்டுத்தறி காலியாக இருந்தது. அப்பாவிடம் கேட்டேன். "கைமாத்தி உட்டாச்சு சாமி," என்றார். கொங்குப் பக்கம் பிள்ளைகளைச் சாமி என்றுதான் கூப்பிடுவோம். யாரிடம் கைமாற்றினீர்கள், அவர்கள் ஊரில் என்ன தீவனம் போடுவார்கள் என்றெல்லாம் கேட்டேன். அவர் எழுந்து வாய்க்கால் பக்கம் போய்விட்டார். அடிமாடு என்ற சொல்லை அவர் அந்த மாட்டைப் பற்றி வாழ்நாள் முழுவதும் சொன்னதில்லை. அவருக்கு வேறு வழி இருக்கவில்லை. அந்த ஆண்டு மழையும் இல்லை, கடனும் இருந்தது. லாயக்காரர் ஒரே சொல்லில் சொல்லிவிட்டதை அப்பா மூன்று சொற்களில் மூடிவைத்தார். இரண்டில் எது கருணை என்று எனக்கு இன்றும் தீர்மானிக்க முடியவில்லை.

பெரியவர் முகமூடியை இறக்கினார். மணி ஐந்தரை ஆகியிருந்தது, ஜன்னலுக்கு வெளியே கார் நிறுத்துமிடத்தின் விளக்குகள் அணையத் தொடங்கியிருந்தன. அதன் பெயர் என்ன என்று கேட்டார்.

"மயிலை," என்றேன். சாம்பல் வெள்ளை நிறத்துக் காங்கேயம் மாட்டுக்கு நாங்கள் அப்படித்தான் பெயர் வைப்போம் என்பதையும் சொன்னேன்.

"மைலா," என்றார்.

"மயிலை."

மூச்சைச் சேர்த்துக்கொண்டு இரண்டாவது முறை சரியாகச் சொன்னார்.